நூற்று முப்பத்தெட்டில் இறங்கியவன்

வியாழக்கிழமை, மாலை 4.50.

கல்லூரிக் கண்காட்சிக் கூடத்தில் கண்ணாடிப் பெட்டி பூட்டியபடியே இருந்தது. உள்ளே சிவப்பு வெல்வெட் துணி இருந்தது. துணிக்கு முன்னால் தாளாளர் அய்யம்பெருமாளின் பெயரும் பட்டங்களும் பொறித்த பித்தளைத் தகடு இருந்தது. கல் மட்டும் இல்லை.

அது காணாமல் போனதை முதலில் கண்டவர் தாளாளர்தான். விருந்தாளி ஒருவருக்குத் தகட்டைக் காட்ட அழைத்து வந்திருந்தார். விருந்தாளி தகட்டைப் படித்து முடித்துவிட்டு, "கல்லு எங்கங்க?" என்று கேட்ட பிறகுதான் விஷயம் வெளியே வந்தது.

காணாமல் போனது ஒரு நத்தைக்கல். இந்தப் பக்கமெல்லாம் ஒரு காலத்தில் கடலாக இருந்தபோது வாழ்ந்து, கல்லாகிப்போன ஓர் உயிர். நத்தை போலச் சுருண்டு, தோசைக்கல் அகலம் இருக்கும். குன்னத்தில் ஒரு கிணற்றை ஆழப்படுத்தியபோது கிடைத்தது. கிணற்றுக்காரரின் மகள் பூவிழி, செட்டிகுளம் மலை தெரிகிற தூரத்தில் இருக்கும் அந்தப் பொறியியல் கல்லூரியில் ஏரோநாட்டிகல் இறுதியாண்டு மாணவி. கண்காட்சிக்கு என்று கல்லூரிக்குக் கொண்டுவந்தாள். கண்காட்சி முடிந்தது. கல் திரும்பவில்லை. அரியலூர் அருங்காட்சியகத்துக்குக் கொடுக்க வேண்டும், திருப்பித் தாருங்கள் என்று புதன்கிழமை தாளாளரிடம் போய்ச் சத்தமாகவே கேட்டாள். வியாழக்கிழமை கல் இல்லை.

5.30-க்கு உதவி ஆய்வாளர் தமிழ்மொழி வந்தார். கூடவே ஏட்டு காசிநாதன். தமிழ்மொழியும் ஏரோநாட்டிகல் படித்தவர்தான். படித்து முடித்துவிட்டுக் காவல்துறைத் தேர்வு எழுதினார். தமிழ்நாட்டில் விமானப் பொறியாளர்களுக்கு இது நன்கு அறிமுகமான வழித்தடம்.

தாளாளர் புகாரைத் தயாராக வைத்திருந்தார்.

"திருடினது யாருன்னும் எழுதிட்டேன் மேடம். உங்களுக்கு வேலையே வைக்கல."

"பாத்தவங்க இருக்காங்களா?"

"பாக்கணுமா என்ன? நேத்து சண்ட போட்டா. இன்னைக்கு ஹாஸ்டல காலி பண்ணிட்டு, பெரிய பையோட பன்னண்டு மணி பஸ்ல போயிட்டா."

"பெட்டி சாவி?"

"முருகர் படத்துக்குப் பின்னாடி ஆணியில தொங்கும். ரகசியமான எடம். காலேஜுல எல்லாருக்கும் தெரியும்."

6.45-க்குக் குன்னத்தில் பூவிழியின் வீட்டில் தேடினார்கள். அதிகம் தேட வேண்டியிருக்கவில்லை. வீட்டுக்குப் பின்னால் வெங்காயப் பட்டறை இருந்தது. விதைக்கான சின்ன வெங்காயத்தைக் காற்றோட்டமாகச் சேமிக்கும் மூங்கில் தட்டி அடைப்பு. மேலே மூடியிருந்த ஓலையைத் தூக்கினால், வெங்காயத்தின் மேல் கல் உட்கார்ந்திருந்தது.

காசிநாதன் கைக்குட்டையால் முகத்தைத் துடைத்துக்கொண்டார். "பொருளும் கெடைச்சிருச்சு, ஆளும் கெடைச்சிருச்சு. எஃப்ஐஆர் போட்டுடலாமா மேடம்?"

பூவிழியின் அப்பா கல்லைப் பார்க்கவில்லை. கல்லுக்கு அடியில் இருந்த வெங்காயத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"எந்தப் பயங்க இத இங்க வச்சது? வெத வெங்காயத்து மேல போயி பாரம் வப்பாங்களா? நசுங்குனது அழுவும். ஒண்ணு அழுவுனா பட்டறையே போச்சு."

தமிழ்மொழி ஓலையை மூடினார். "எஃப்ஐஆர் காலையில பாத்துக்கலாம் ஏட்டய்யா."

"ஏங்க மேடம்?"

"அப்பா பேசுனத கேட்டீங்கல்ல. அவங்க வூட்டுப் பொண்ணுக்கு அது தெரியாதா?"

வெள்ளிக்கிழமை, காலை 9.30. கல்லூரியில் ஒரு காலி வகுப்பறை. கல்லூரியில் அது கிடைப்பது எளிது.

பூவிழி நிமிர்ந்து உட்கார்ந்திருந்தாள். கண் வீங்கியிருந்தது. குரல் சாதாரணமாக இருந்தது.

"பை பெருசாமே."

"நாலு வருஷத் துணி மேடம்."

"கல்லு?"

"துணிய விட கல்லு எடை கம்மிதான். ஆனா நான் எடுக்கல."

"பஸ் எறங்கி எங்க போன?"

"வூட்டுல பைய போட்டுட்டு நேரா குன்னம் ஸ்டேஷனுக்கு. போலீஸ் வெரிஃபிகேஷன். ரைட்டர் வெளிய போயிருந்தாரு. அஞ்சு மணி வரைக்கும் பெஞ்சுலயே உக்காந்திருந்தேன்."

"வூட்டுல?"

"யாருமில்ல. ரெண்டு பேரும் மக்காச்சோளக் காட்டுல."

"எதுக்கு வெரிஃபிகேஷன்?"

"திருச்சி ஏர்போர்ட்ல வேலை கெடைச்சிருக்கு மேடம். திங்கக்கிழமை சேரணும். உள்ள போற பாஸுக்குப் போலீஸ் கையெழுத்து வேணும். என் பேருல எஃப்ஐஆர் இருந்தா பாஸ் வராது. பாஸ் இல்லன்னா வேலை இல்ல."

"காலேஜுல எத்தன பேருக்கு கெடைச்சுது?"

"எனக்கு மட்டுந்தான். நான் போகலன்னா அடுத்தது ராஜராஜன்."

தமிழ்மொழி காசிநாதனைப் பார்த்தார். காசிநாதன் மின்விசிறியைப் பார்த்தார்.

அடுத்து வந்தவர் பிச்சைமுத்து. கண்காட்சிக் கூடத்துக்கும், எதிரே இருக்கும் விமானப் பயிற்சிக்கூடத்துக்கும் அவர்தான் காவல். இரண்டுக்கும் நடுவே தாழ்வாரத்தில் ஒரு நாற்காலி. பயிற்சிக்கூடத்தில் ஒரு சிமுலேட்டர் உண்டு, பொம்மை விமான ஓட்டி அறை. மூன்று திரை, ஒரு இருக்கை, உண்மையான ஜெட் விமானத்தின் சத்தம்.

"கல்ல கடைசியா எப்ப பாத்தீங்க?"

"தொடைக்கிறப்ப பாத்தேங்க. பதினொண்ணு இருக்கும்."

"அதுக்கப்பறம்?"

"அத யாருங்க தெனமும் ரெண்டு தடவ பாக்குறா."

"சாப்பிட எப்ப போனீங்க?"

"பன்னண்டரைக்குப் போயிட்டு ஒண்ணேகாலுக்கு வந்தேன். வரப்பவே எதிர் ரூம்ல பிளேன் ஓடிக்கிட்டு இருந்துச்சு. ராஜராஜன் தம்பிக்கு ஒரு மணியிலேருந்து பிராக்டிஸ்."

"அவரு வெளிய வந்தாரா?"

"இல்லங்க. முன்கதவு என் கண்ணு முன்னாடிதான். பூங்குழலி மேம் நாலே காலுக்கு வந்து உள்ள போறவரைக்கும் சத்தம் கேட்டுக்கிட்டே இருந்துச்சு."

"என்ன மாதிரி சத்தம்?"

பிச்சைமுத்து யோசித்தார். "ஒரே சீரா, உம்முன்னு. தாலாட்டு மாதிரி. நான் தூங்கலங்க. தூக்கம் வர மாதிரி இருந்துச்சு, அவ்வளவுதான்."

"முன்கதவுன்னீங்க. பின்கதவு இருக்கா?"

"ஏசி மெஷின் பக்கம் ஒண்ணு இருக்கு. அத யாரும் தொறக்கறதில்ல. அதுக்கு வெளிய பைக் ஸ்டாண்டு."

ராஜராஜன் சட்டையை நேர்த்தியாக உள்ளே செருகியிருந்தான். அரியலூர்க்காரன். கைகளை மேசை மேல் வைத்துக்கொண்டான்.

"நேத்து மதியம்?"

"லேப்ல இருந்தேன் மேடம். ஒண்ணுலேருந்து நாலே கால் வரைக்கும்."

"என்ன பண்ண?"

"திருச்சியில ஏறி, ஒரு சுத்து சுத்தி, திருச்சியிலயே எறங்குறது. இன்டர்னல் மார்க்குக்கு அதான் டெஸ்ட்."

"எத்தன தடவை?"

"ஒம்பது பத்து இருக்கும். எண்ணல."

"ஒவ்வொரு தடவையும் எறங்குனப்பறம்?"

"ரீசெட் மேடம். எறங்கி நின்னதும் திரை அப்படியே நின்னுரும். ரீசெட் அமுக்குனா மறுபடி ஓடுபாதை தொடக்கத்துல, முதல்லேருந்து."

"நடுவுல எழுந்திருக்கலயா?"

"சுத்துறதே கால் மணி நேரம். எங்கங்க எழுந்திருக்கிறது?"

"மேம் வந்தப்ப?"

அவன் லேசாகச் சிரித்தான். "அதான் பெஸ்ட் லேண்டிங். நூத்தி முப்பத்தெட்டு நாட். பூ மாதிரி. எங்க பேட்சுல எவனும் நூத்தி நாப்பத்தஞ்சுக்குக் கீழ எறக்குனதில்ல."

நாட் என்பது விமானக்காரர்கள் வேகத்தைச் சொல்லும் அளவு. இரண்டால் பெருக்கிக் கொஞ்சம் கழித்தால் கிலோமீட்டர் கிடைக்கும்.

"எப்படி முடிஞ்சுது?"

"கன்ட்ரோல் மேடம். மத்தவன்லாம் பதட்டத்துல வேகமா வந்து டம்முன்னு போடுவான். நான் பொறுமையா வருவேன்."

"ஸ்லோ சைக்கிள் ரேஸ் மாதிரி."

"கரெக்டா சொன்னீங்க மேடம்."

தமிழ்மொழி பேனாவை மூடி வைத்தார்.

11.15. பயிற்சிக்கூடம். உதவிப் பேராசிரியர் பூங்குழலி விமானத்தின் முன் திரையைத் துடைத்துக்கொண்டிருந்தார்.

"நேத்து நீங்க உள்ள வரப்ப என்ன நடந்துக்கிட்டு இருந்துச்சு மேம்?"

"எறங்கப் போற நேரம். எங்ககிட்ட ஒரு பழக்கம் இருக்குங்க. எறங்கறதுக்கு முன்னாடி ஸ்டூடண்ட் லேண்டிங் ஸ்பீட சத்தமா சொல்லணும். அட்டென்டன்ஸ் மாதிரி. வழக்கமா நூத்தி நாப்பத்தாறும்பாங்க, சில சமயம் நாப்பத்தஞ்சு. இவன் நூத்தி முப்பத்தெட்டுன்னான். அதேல வந்தான். சத்தமே இல்லாம எறக்குனான். ஃபுல் மார்க் போட்டுட்டேன்."

"காத்து?"

"டெஸ்டுக்குக் காத்து வைக்கறதில்ல."

"இறக்கை மடிப்பு? அத விரிக்கலன்னாலும் வேகம் மாறுமே."

"முழுசா விரிச்சிருந்தான். அத நான் பாத்தேன்."

"எறங்கும்போது சிவப்பு லைட்டு ஏதாவது எரிஞ்சுதா?"

பூங்குழலி துடைப்பதை நிறுத்தினார். "எடை அதிகம்னு ஒண்ணு எரியும். எப்பவும் எரியும். நேத்து..." அவர் துணியை மடித்தார். "நேத்து எரியல."

"ஏன் எப்பவும் எரியுது?"

"தாளாளர் ஐயா உத்தரவு. ஏர்கிராஃப்ட்ல நூத்தி எம்பது சீட்டும் ஃபுல்லா இருக்கணும், டேங்கும் ஃபுல்லா இருக்கணும். நம்ம காலேஜ் பிளேன் ஆள் இல்லாம பறக்குதுன்னு யாரும் சொல்லிறக் கூடாதாம். அந்த செட்டிங்குக்கு பாஸ்வேர்டு அவர் ரூம்ல இருக்கு. நாங்க மாத்த முடியாது."

ஏரோநாட்டிகல் பிரிவில் அறுபது இடத்துக்குப் பதினேழு பேர் இருந்தார்கள். நிரம்பி வழிந்தது விமானம் மட்டும்தான்.

"ரீசெட் பண்ணா?"

"மறுபடியும் டேங்க் ஃபுல் ஆயிடும்." பூங்குழலி இருக்கையில் உட்கார்ந்தார். "நான் இத பாடமே எடுக்கறேங்க. நல்லா எறக்கிட்டான்னு சந்தோஷத்துல யோசிக்கவே இல்ல."

12.00. அதே கூடத்தில் எல்லோரும் நின்றார்கள். ஒரே இருக்கை என்பதால் தாளாளர் அதில் உட்கார்ந்துகொண்டார்.

"கல் கெடைச்சிருச்சே. அப்பறம் எதுக்கு மேடம் இந்தக் கூட்டம்?"

"கல்ல பத்தி இல்லீங்க ஐயா. பெட்ரோல பத்தி."

"எந்தப் பெட்ரோல்?"

"உங்க பிளேன்ல எட்டு டன் கொறையுது."

தாளாளர் திரையைச் சந்தேகத்தோடு பார்த்தார். பிறகு பிச்சைமுத்துவைப் பார்த்தார்.

தமிழ்மொழி காசிநாதன் பக்கம் திரும்பினார். "ஏட்டய்யா, ஒரு விமானம் எவ்வளவு வேகத்துல எறங்கணும்னு யாரு முடிவு பண்றா?"

"பைலட்டுதான்."

"இல்ல. எடை முடிவு பண்ணும். இறக்கையால விமானத்த தாங்க முடியுற கம்மியான வேகம்னு ஒண்ணு இருக்கு. அதுக்குக் கீழ போனா விழுந்துரும். அந்த வேகம் நூறுன்னு வைங்க, பாதுகாப்புக்கு முப்பது சேத்து நூத்தி முப்பதுல எறங்குவாங்க. விமானம் கனமா இருந்தா தாங்குற வேகமும் கூடும், எறங்குற வேகமும் கூடும். லேசா இருந்தா ரெண்டும் கொறையும். எதிர்க்காத்து இருந்தா கொஞ்சம் கூட்டிக்குவாங்க. நான் பொறுமைசாலின்னு யாரும் கொறைச்சுக்க முடியாது. மெஷினே எடைய பாத்து கணக்குப் போட்டு திரையில காட்டும். ஓட்டுறவரு அத சத்தமா படிப்பாரு."

"சரிங்க மேடம்."

"இந்த காலேஜுல எல்லாரும் நூத்தி நாப்பத்தாறுலயே எறங்குறாங்க. ஏன்னா எல்லாரும் டேங்க் ஃபுல்லா, சீட் ஃபுல்லா ஏறி, கால் மணி நேரத்துல எறங்குறாங்க. எடை எழுபத்து மூணு டன், பெருசா கொறையறதில்ல. அதனால ஜெட் விமானத்தோட லேண்டிங் ஸ்பீடுன்னா நூத்தி நாப்பத்தாறுன்னு பசங்க மனப்பாடம் பண்ணி வச்சிருக்காங்க. யாராவது அதுக்குக் கீழ எறக்குனா அது தெறமைன்னு நெனைக்கிறாங்க."

ராஜராஜன் கைகளைப் பின்னால் கட்டிக்கொண்டான்.

"தம்பி நூத்தி முப்பத்தெட்டுன்னு படிச்சாரு. வேகம் நூத்துக்கு அஞ்சரை பங்கு கம்மி. எடை வேகத்தோட வர்க்கத்துல போகும், அப்படின்னா எடை அதப்போல சுமார் ரெண்டு மடங்கு, நூத்துக்குப் பதினொண்ணு கம்மியாகணும். எழுபத்து மூணுல எட்டு டன் போகணும். பயணிங்க எறங்கிப் போகல. போனது பெட்ரோல்தான். இந்த சைஸ் ஜெட்டு ஒரு மணி நேரத்துக்கு ரெண்டரை டன்னுக்குக் கொஞ்சம் மேல குடிக்கும்."

காசிநாதன் விரலை மடக்கினார். "மூணு மணி நேரம்."

"நிக்காம. நடுவுல ஒரு தடவ எறங்கி ரீசெட் அமுக்கியிருந்தாலும் டேங்க் நெறைஞ்சிருக்கும். தம்பி நேத்து எறங்குனது ஒரே தடவைதான். பிச்சைமுத்து அண்ணன் கேட்ட சத்தமும் அதான். ஏறி ஏறி எறங்குனா எஞ்சின் கத்தும், அடங்கும், மறுபடி கத்தும். தாலாட்டு மாதிரி கேக்காது."

"ஆட்டோ பைலட்," என்றார் பூங்குழலி.

"ஆமாங்க மேம். பன்னண்டரைக்குப் பிச்சைமுத்து அண்ணன் சாப்பிடப் போனாரு. தம்பி சாவிய எடுத்தாரு, கல்ல எடுத்தாரு, பெட்டிய பூட்டுனாரு. பிளேன மேல ஏத்தி, ஆகாசத்துல வட்டம் போட விட்டுட்டு, பின்கதவு வழியா பைக்ல குன்னம். வந்து சேந்ததும் உக்காந்து எறக்குனாரு. மேம் பாத்தது அவ்வளவுதான்."

தாளாளர் குறுக்கிட்டார். "மேடம், ஒரு நம்பர வச்சுக்கிட்டு ஒரு பையன் வாழ்க்கைய..."

"பேருகூட எழுதிட்டேன்னு நேத்து சொன்னீங்களே ஐயா. அப்ப நம்பர்கூட இல்ல."

தாளாளர் விமானத்தின் கைப்பிடி ஒன்றை அசைத்துப் பார்த்தார். அது அசைந்தது. விட்டுவிட்டார்.

தமிழ்மொழி ராஜராஜன் பக்கம் நடந்தார். குரலை உயர்த்தவில்லை. "குன்னம் ரோட்டுல பெட்ரோல் பங்கு இருக்கு, கடைங்க இருக்கு, எல்லாத்துலயும் கேமரா இருக்கு தம்பி. எந்த நேரத்துல பாக்கணும்னு இப்ப எனக்குத் தெரியும். நான் போயி பாக்கவா, நீயே சொல்றியா?"

அவன் பின்கதவைப் பார்த்தான்.

"கல்ல விக்க எடுக்கல மேடம்," என்றான் ராஜராஜன்.

"தெரியும்."

"கேஸ் நிக்காதுன்னு நெனச்சேன். ஆறு மாசத்துல தள்ளுபடி ஆயிரும். அவளுக்கு ஒண்ணும் ஆகாது. திங்கக்கிழமைக்கு மட்டும் எஃப்ஐஆர் இருந்தா போதும்னு..."

பூவிழி அவனைப் பார்த்தாள். "எங்க வூடு உனக்கு எப்படித் தெரியும்?"

"பொங்கலுக்கு வந்தோமே எல்லாரும்."

"சாப்புட்டியே."



காசிநாதன் அவன் தோளில் கை வைத்து வெளியே அழைத்துப் போனார். வாசலில் ராஜராஜன் ஒரு நிமிடம் நின்றான். பூங்குழலியிடம் மெதுவாகக் கேட்டான். "மேம், அந்த லேண்டிங்?"

"லேண்டிங்ல தப்பில்லப்பா," என்றார் பூங்குழலி. துணியை எடுத்து, ஏற்கெனவே துடைத்த திரையை மறுபடி துடைத்தார்.

தாளாளர் எழுந்தார். கல்லூரியின் பெயர் என்று ஆரம்பித்தார். கல்லை யாரோ ஞாபக மறதியாக இடம் மாற்றி வைத்துவிட்டதாக எழுதிக்கொள்ளலாமே என்று முடித்தார்.

"முதல்ல அந்தப் பொண்ணு பேரு இருக்கிற புகார வாபஸ் வாங்கிட்டு, வேற எழுதிக் குடுங்க ஐயா," என்றார் தமிழ்மொழி. "இந்தத் தடவ பேரு எழுத வேணாம். அது எங்க வேலை."

கல் வழக்குச் சொத்தானது. இனி அது நீதிமன்றம் போகும், அங்கிருந்து முடிந்தால் அரியலூர் போகும். கடல் வற்றும் வரை காத்திருந்த கல் என்பதால் அதைப் பற்றி யாரும் கவலைப்படவில்லை.

12.40. தமிழ்மொழி தாழ்வாரத்தில் நின்று குன்னம் காவல் நிலையத்துக்குப் போன் செய்து, பூவிழியின் வெரிஃபிகேஷனைப் பற்றிக் கேட்டார். பூவிழி இரண்டடி தள்ளி நின்றாள். மறுமுனையில் இருந்த ரைட்டரின் குரல் அவளுக்கும் கேட்டது.

"யாருங்க மேடம்? அந்தக் கல்லு திருடுன பொண்ணா?"

"இல்லீங்க. கல்லு பறிகொடுத்த பொண்ணு. நேத்து உங்க பெஞ்சுல மூணு மணி நேரம் உக்காந்திருந்துச்சே, அந்தப் பொண்ணு. இன்னைக்கு நீங்க வெளிய போறீங்களா?"

"அஞ்சு வரைக்கும் இருப்பேன் மேடம்."

"இருங்க. வரும்."

போனை வைத்தார். பூவிழி சுவரைப் பிடித்துக்கொண்டு நின்றாள். முகம் கோணியது. காசிநாதன் அவசரமாகப் பக்கத்தில் வந்தார்.

"அழாதம்மா. அதான் எல்லாம் முடிஞ்சுருச்சுல்ல."

"அழல சார்." அவள் துப்பட்டாவால் மூக்கைத் துடைத்தாள். "ஒண்ணு அம்பதுக்குப் பெரம்பலூர்லேருந்து குன்னம் பஸ்ஸு. அத விட்டா மூணு மணிக்குத்தான். என்னைய பெரம்பலூர் வரைக்கும் ஜீப்ல எறக்கி விட்டுருங்க."